டிரவுட் வளர்க்கலாமா? முன்பணம் கட்டும் முன் தண்ணீரைப் பாருங்கள்



சில நாட்களுக்கு முன் திண்டுக்கல் பக்கத்திலிருந்து ஒரு விவசாயி தொலைபேசியில் அழைத்தார். "சார், டிரவுட் மீன் நல்ல விலைக்குப் போகுதாமே. என் பண்ணைக்குட்டை சும்மாதான் கிடக்கு. குஞ்சு தர்றேன்னு ஒருத்தர் முன்பணம் கேக்கறார். கட்டலாமா?" என்றார்.

"உங்க குட்டைத் தண்ணி மத்தியானம் எவ்வளவு சூடு இருக்கும்ண்ணே?" என்று கேட்டேன்.

"அதெல்லாம் யார் சார் பார்த்தா?"

இதே கேள்வியோடு இப்போது பலர் அழைக்கிறார்கள். காரணம் இருக்கிறது. 2020-ல் தொடங்கிய பிரதம மந்திரி மத்ஸ்ய சம்பதா திட்டத்தில் குளிர்நீர் மீன்வளர்ப்புக்கும் மானியம் உண்டு. காஷ்மீர், இமாச்சலப் பிரதேசம், உத்தரகாண்ட், சிக்கிம் போன்ற மலை மாநிலங்களில் டிரவுட் பண்ணைகள் கூடிவருகின்றன. வெப்பமான தெலங்கானாவில்கூட, ஐதராபாத்தை அடுத்த பகுதியில், தண்ணீரைக் குளிரவைத்துச் சுற்றவிடும் மூடிய தொட்டிகளில் டிரவுட் வளர்க்கிறார்கள் என்ற செய்தி வந்தது. அதைக் காட்டி "உங்கள் ஊரிலும் முடியும்" என்று சொல்லும் காணொளிகள் கைபேசிக்குக் கைபேசி பரவுகின்றன.

செய்தி பொய்யல்ல. ஆனால் அந்தச் செய்திக்கும் உங்கள் குட்டைக்கும் நடுவில் இருப்பது தண்ணீர். டிரவுட்டின் வாழ்வும் சாவும், அது நம் ஓடைகளுக்குச் செய்யும் நன்மையும் தீமையும் தண்ணீரைப் பொறுத்தவை. அதை இங்கே விளக்கமாகப் பார்ப்போம்.

டிரவுட் என்பது என்ன மீன்?

டிரவுட், சார், சால்மன் மூன்றும் ஒரே குடும்பம். ('சார்' என்பது இங்கே மரியாதைச் சொல் அல்ல, மீனின் பெயரே அதுதான்.) முதுகுத் துடுப்புக்கும் வாலுக்கும் இடையில் சதைப்பற்றான ஒரு குட்டித் துடுப்பு இருப்பது இந்தக் குடும்பத்தின் அடையாளம். நம் கட்லா, ரோகுவுக்கு அது கிடையாது.

டிரவுட்டுக்கு வெளிர் உடலில் கரும்புள்ளிகள் இருக்கும். சார் மீனுக்குக் கருத்த உடலில் வெளிர்புள்ளிகள் இருக்கும். சார் வகை இன்னும் குளிரான தண்ணீரைத் தேடும். வடதுருவத்தை ஒட்டிய ஏரிகளில்கூட அது வாழ்கிறது.

இந்தியாவில் வளர்ப்பது பெரும்பாலும் ரெயின்போ டிரவுட். அதன் தாய்வீடு வட அமெரிக்காவின் பசிபிக் கரையோர ஆறுகள். காஷ்மீர் ஓடைகளில் காணும் பிரவுன் டிரவுட் ஐரோப்பாவைச் சேர்ந்தது. இரண்டுமே வெள்ளைக்காரர்கள் காலத்தில் தூண்டில் பொழுதுபோக்குக்காகக் கொண்டுவரப்பட்டவை. இரண்டும் ஊனுண்ணிகள். ஓடையில் இருக்கும்போது நீர்ப்பூச்சி, புழு, தவளைக்குஞ்சு, சிறு மீன் ஆகியவற்றைத் தின்னும்.

சூடு ஏறினால் மூச்சு முட்டும்

ரெயின்போ டிரவுட் நன்றாகத் தின்று வளர்வது சுமார் 13 முதல் 18 டிகிரி செல்சியஸ் வரையுள்ள தண்ணீரில். 20-ஐத் தாண்டினால் அது சோர்ந்து தீவனத்தைக் குறைக்கும். 25-ஐ நெருங்கினால் சாகத் தொடங்கும். முட்டை பொரிக்க இன்னும் குளிர் வேண்டும். 10 டிகிரி தண்ணீரில் முட்டை பொரிய ஏறத்தாழ ஒரு மாதம் ஆகும்.

இதற்குக் காரணம் தண்ணீரில் கரைந்திருக்கும் ஆக்சிஜன். கடல்மட்டத்தில் 10 டிகிரி தண்ணீர் ஒரு லிட்டரில் சுமார் 11 மில்லிகிராம் ஆக்சிஜனைத் தாங்கும். 20 டிகிரியில் இது 9 ஆகிவிடும். 30 டிகிரியில் ஏழரைதான். அதே நேரத்தில், சூடு ஏற ஏற மீனின் உடல் வேகமாக இயங்கி அதிக ஆக்சிஜன் கேட்கும். வரவு குறையும்போது செலவு கூடுகிறது. குடும்பக் கணக்கு எப்படி முறியுமோ அப்படியே மீனின் மூச்சும் முறிகிறது.

டிரவுட்டுக்கு எப்போதும் லிட்டருக்கு 6 மில்லிகிராமுக்குக் குறையாமல் ஆக்சிஜன் வேண்டும். 7-க்கு மேல் இருந்தால் நல்லது. நம் பண்ணைக்குட்டையில் பாசி பச்சையாகப் பிடித்திருந்தால் பகலில் ஆக்சிஜன் ஏறும், விடியற்காலையில் 2, 3 என்று இறங்கிவிடும். அந்த நேரத்தில் மீன்கள் மேலே வந்து வாயைத் திறப்பதைப் பார்த்திருப்பீர்கள். கெண்டை வகை அதைச் சமாளித்துக்கொள்ளும். டிரவுட்டால் முடியாது.

திண்டுக்கல் அண்ணன் மறுநாள் மதியம் வெப்பமானியை இறக்கிப் பார்த்துச் சொன்ன அளவு 31 டிகிரி. அதற்குமேல் அவரிடம் நான் எதையும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

குளிரூட்டிய தொட்டியில் வளர்க்கலாமே?

வளர்க்கலாம். ஆர்.ஏ.எஸ். எனப்படும் மறுசுழற்சி முறை அதற்காகவே உள்ளது. ஆனால் அது குட்டை விவசாயம் அல்ல, ஒரு தொழிற்சாலை. அங்கே ஓயாமல் நடக்க வேண்டிய வேலைகள் நான்கு.

முதலாவது, குளிரூட்டல். வெளியே சித்திரை வெயில் 40 டிகிரி அடிக்கும்போது உள்ளே 15 டிகிரியைக் காக்க வேண்டும். மின்கட்டணம் மாதா மாதம் வரும் செலவு.

இரண்டாவது, ஆக்சிஜன். தொட்டியில் மீன் நெருக்கமாக இருப்பதால், பம்ப் நின்றால் மிகக் குறைந்த நேரத்திலேயே முழுத் தொட்டியும் செத்து மிதக்கும். ஜெனரேட்டர் இல்லாமல் இறங்கவே கூடாது.

மூன்றாவது, கழிவு. மீன் வெளியேற்றும் அம்மோனியா நஞ்சு. அதை மாற்றும் நுண்ணுயிர்கள் வடிகட்டியில் வளர்ந்து நிலைபெறச் சில வாரங்கள் ஆகும். அதற்குள் மீனை நிரப்பினால் நட்டம்தான்.

நான்காவது, தீவனம். டிரவுட்டுக்குப் புரதம் 40 சதவீதத்துக்கு மேல் உள்ள தீவனம் வேண்டும். தவிடும் புண்ணாக்கும் போட்டு வளர்க்க முடியாது.

ஆக, அங்கே வளர்ப்பவர் மீனோடு சேர்த்து ஒரு குளிர் ஓடையையும் மின்சாரத்தால் உண்டாக்குகிறார். பெரிய முதலீடும், பயிற்சி பெற்ற ஆட்களும், விற்பனை ஒப்பந்தமும் உள்ளவர்கள் செய்து பார்க்கட்டும். பயிர்க்கடனை வைத்துக்கொண்டு செய்யும் வேலை அல்ல இது.

நீலகிரியில் இருக்கிறதே?

"ஊட்டிப் பக்கம் டிரவுட் இருக்கிறதே" என்று கேட்பீர்கள். உண்மைதான். அது வந்து சேர்ந்த கதையிலும் பாடம் உண்டு.

1860-களிலேயே இந்திய மீன்களைப் பற்றிப் பெரிய நூல் எழுதிய டாக்டர் பிரான்சிஸ் டே, நீலகிரிக்கு டிரவுட்டைக் கொண்டுவர முயன்றார். கப்பல் பயணத்திலும் வெப்பத்திலும் முயற்சி பலிக்கவில்லை. பின்னும் பலர் முயன்றார்கள். கடைசியில் சென்னை அரசின் மீன் நிபுணர் எச்.சி. வில்சன் காலத்தில், 1907-ல், அவலாஞ்சியில் குஞ்சுப் பொரிப்பகம் அமைந்த பிறகுதான் ரெயின்போ டிரவுட் அங்கே நிலைபெற்றது. குளிர்ந்த மலையிலேயே ஒரு மீனைக் குடியமர்த்த ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் ஆகியிருக்கின்றன.

நீலகிரியில் தோட்டம் வைத்திருக்கும் நண்பர்கள் அடுத்துச் சொல்வதைக் கவனமாகப் படிக்க வேண்டும். டிரவுட் முட்டையிடுவது ஓடையின் கூழாங்கல் படுகையில். பெண் மீன் வாலால் கற்களை விலக்கிக் குழி பறித்து முட்டையிட்டு, மீண்டும் கற்களால் மூடிவிடும். கற்களின் இடுக்கில் ஓடும் தண்ணீர்தான் முட்டைக்கு மூச்சு. அந்த இடுக்கில் சேறு அடைத்தால் வாரக்கணக்கில் காத்திருந்த முட்டைகள் மூச்சுமுட்டிச் சாகும்.

அந்தச் சேறு சரிவில் உழுத கேரட், உருளைக்கிழங்கு நிலத்திலிருந்தும், ஓடைக்கரையை வெட்டி அகலப்படுத்திய இடத்திலிருந்தும்தான் வருகிறது. 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. அப்படிப்பட்ட மழையில் வெறுமையாகக் கிடக்கும் சரிவு மேல்மண்ணை வைத்துக்கொள்ளாது. மண் போனால் உங்களுக்கு விளைச்சல் போகிறது. அதே மண் ஓடைக்குள் போனால் மீன் முதல் நீர்ப்பூச்சி வரை எல்லாம் போகிறது.

எனவே மலைச்சரிவில் குறுக்குவாட்டில் வரப்பு போடுங்கள். ஓடைக்கரையில் சில மீட்டர் அகலத்துக்குப் புல்லும் புதரும் மரமும் இருக்கட்டும். அவை மண்ணைப் பிடித்துக்கொள்ளும், நிழல் தந்து தண்ணீரைக் குளிர்ச்சியாக வைக்கும். பூச்சிமருந்துத் தெளிப்பானை ஓடையில் கழுவாதீர்கள். டிரவுட் இருந்தாலும் இல்லாவிட்டாலும் இது ஓடைக்கும் உங்கள் நிலத்துக்கும் நல்லது.

குளிர்நாட்டிலும் தண்ணீர் கைவிடுகிறது

டிரவுட்டுக்கு ஏற்ற இடம் என்று நாம் நினைக்கும் காஷ்மீரிலும் நிலைமை மாறுகிறது. அங்குள்ள பண்ணைகள் பெரும்பாலும் ஊற்றுநீரையும் பனி உருகிய நீரையும் நம்பியிருக்கின்றன. பனிப்பொழிவு குறைந்த குளிர்காலத்தைத் தொடர்ந்து, 2025 பிப்ரவரியில் அனந்தநாக் மாவட்டத்தின் புகழ்பெற்ற அச்சபல் ஊற்று வற்றியது. முகலாயர் தோட்டத்துக்கே தண்ணீர் தந்த ஊற்று அது.

இமாச்சலில் இதற்கு நேர்மாறு. 2023 ஜூலையில் பியாஸ் ஆற்றில் வந்த வெள்ளம் குலு பகுதியின் டிரவுட் பண்ணைகளையும் சேதப்படுத்தியது. குளிர் ஓடையின் கரையில்தான் டிரவுட் பண்ணை அமையும். அந்த ஓடையே பெருகி வந்தால் முதலில் மாட்டுவதும் அந்தப் பண்ணைதான்.

தண்ணீர் வற்றினாலும் நட்டம், பெருகினாலும் நட்டம். "குளிர்ப்பிரதேசம் என்றால் கவலையில்லை" என்று யாராவது சொன்னால் இந்த இரண்டு செய்திகளையும் நினைத்துக்கொள்ளுங்கள்.

ஒரே மீன், இரண்டு ஏரிகள்

மீனைப் பாதுகாப்பது என்றாலே, குஞ்சு வாங்கி ஆற்றில் விடுவது என்று பலர் நினைக்கிறார்கள். அது எப்போது சரி, எப்போது தவறு என்பதற்கு அமெரிக்காவில் ஒரு மீன் இரண்டுக்கும் சாட்சி. அதன் பெயர் லேக் டிரவுட். பெயரில் டிரவுட் இருந்தாலும் உண்மையில் அது சார் வகை. மெதுவாக வளரும், முட்டையிடும் பருவத்துக்கு வரப் பல ஆண்டுகள் ஆகும், பல பத்தாண்டுகள் உயிர் வாழும்.

சுப்பீரியர் என்னும் பேரேரியில் அது சொந்த மீன். கப்பல் போக்குவரத்துக்கு வெட்டிய கால்வாய் வழியே கடல் லாம்ப்ரே என்ற ஒட்டுண்ணி பேரேரிகளுக்குள் பரவியது. விலாங்கு போன்ற உடலும் பல் நிறைந்த வட்ட வாயும் கொண்ட அது, மீனின் மேல் ஒட்டிக்கொண்டு இரத்தத்தை உறிஞ்சும். மிதமிஞ்சிய மீன்பிடிப்பும் சேர்ந்துகொள்ள, 1950-களில் லேக் டிரவுட் ஏறத்தாழ அழிந்த நிலைக்கு வந்தது. லாம்ப்ரேயின் இளம்புழுக்களை மட்டும் பெருமளவு கொல்லும் மருந்தை 1958 முதல் ஓடைகளில் விட்டார்கள். மீன்பிடிப்பைக் கட்டுப்படுத்தினார்கள், சொந்த இனக் குஞ்சுகளை விட்டார்கள். 2024 நவம்பரில், சுப்பீரியர் ஏரியின் பெரும்பகுதியில் லேக் டிரவுட் முழுமையாக மீண்டுவிட்டது என்று பேரேரிகள் மீன்வள ஆணையம் அறிவித்தது. ஒரு மீனை மீட்க அறுபது ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருக்கிறது.

இப்போது இரண்டாவது ஏரி. யெல்லோஸ்டோன் தேசியப் பூங்காவின் ஏரியில் லேக் டிரவுட் கிடையாது. அங்கே சொந்த மீன் கட்த்ரோட் டிரவுட். யாரோ அனுமதியில்லாமல் லேக் டிரவுட்டைக் கொண்டுவந்து விட்டதாகக் கருதப்படுகிறது. அது அங்கே இருப்பது 1994-ல் தெரியவந்தது. அது கட்த்ரோட்டைத் தின்று பெருகியது. முட்டையிட ஏறிவரும் கட்த்ரோட் மீன்களை எண்ணும் ஓர் ஓடையில் 1978-ல் சுமார் 70,000 இருந்தது, 2007-ல் 500-ஐ ஒட்டிக் குறைந்துவிட்டது.

சேதம் மீனோடு நிற்கவில்லை. கட்த்ரோட் ஆழமில்லாத ஓடைகளுக்கு முட்டையிட வரும். கரடியும் கழுகும் நீர்நாயும் அப்போது அதைப் பிடித்துத் தின்னும். லேக் டிரவுட் ஏரியின் ஆழத்திலேயே இருந்துவிடும், அவற்றின் வாய்க்கு எட்டாது. ஒரு மீன் போய் இன்னொரு மீன் வந்ததில் காட்டு விலங்குகளும் இரையை இழந்தன. இன்றுவரை வலை போட்டு 40 லட்சத்துக்கும் மேற்பட்ட லேக் டிரவுட்டை அங்கே பிடித்து அகற்றியிருக்கிறார்கள். கட்த்ரோட் மெல்ல மீள்கிறது. ஆனால் வலையை நிறுத்த முடியவில்லை.

ஒரே மீனை ஓர் ஏரியில் காப்பாற்றுகிறார்கள், இன்னோர் ஏரியில் பிடித்து ஒழிக்கிறார்கள். சொந்தத் தண்ணீரில் இருக்கிறதா, அந்நியத் தண்ணீரில் இருக்கிறதா என்பதுதான் வேறுபாடு.

இது நம் ஊர்க்கதையும்தான்

உலகில் மிகுந்த கேடு செய்யும் 100 அயல் உயிரினங்கள் என்று பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் நிபுணர் குழு தொகுத்த பட்டியலில் ரெயின்போ டிரவுட், பிரவுன் டிரவுட் இரண்டுமே உண்டு. அதே பட்டியலில் உங்களுக்கு நன்றாகத் தெரிந்த ஒரு மீனும் இருக்கிறது: ஜிலேபிக் கெண்டை. 1952-ல் இந்தியாவுக்கு வந்த அது, இன்று எந்த ஏரியில் வலை போட்டாலும் மாட்டுகிறது. தடைசெய்யப்பட்ட ஆப்பிரிக்கக் கெளுத்தியும் சில பண்ணைகளிலிருந்து தப்பி ஆறுகளில் பெருகியிருக்கிறது.

நல்லெண்ணத்தோடு விட்ட மீனும் தீங்கு செய்யும். காவிரியின் பெருமையான திமில் மஹ்சீர், 50 கிலோவுக்கு மேல் வளரக்கூடிய மீன். அதைக் காப்பதாக எண்ணி, வேறு ஆற்றுப் பகுதியைச் சேர்ந்த நீலத்துடுப்பு மஹ்சீர் குஞ்சுகளைப் பல ஆண்டுகள் காவிரியில் விட்டார்கள். வந்த மீன் பெருகியது, சொந்த மீன் ஒடுங்கியது. 2018-ல் திமில் மஹ்சீர் மிக அருகிவிட்ட இனமாக அறிவிக்கப்பட்டது. அது எஞ்சியிருக்கும் சில இடங்களில் நம் மோயாறும் ஒன்று.

ஆகவே, டிரவுட் வளர்ப்பவராக இருந்தாலும் கெளுத்தி வளர்ப்பவராக இருந்தாலும், மிஞ்சிய குஞ்சை ஆற்றிலோ ஓடையிலோ கொட்டாதீர்கள். தொட்டியின் வடிகால் வாயில் வலைக்கம்பி போடுங்கள். வெள்ளம் புகும் தாழ்வான இடத்தில் அயல் மீன் வளர்க்காதீர்கள்.

முடிவெடுக்கும் முன் செய்ய வேண்டியவை

ஒரு வெப்பமானி வாங்கிக்கொள்ளுங்கள். பங்குனி, சித்திரை, வைகாசி மாதங்களில் காலை 6 மணிக்கும் மாலை 3 மணிக்கும் தண்ணீரின் சூட்டைக் குறித்து வையுங்கள். 20-ஐத் தாண்டும் நாள்கள் அதிகமென்றால் டிரவுட்டை மறந்துவிடுங்கள்.

கோடையிலும் நிற்காமல் ஓடும் தண்ணீர் உண்டா என்று பாருங்கள். தேங்கிய தண்ணீர் குளிராக இருந்தாலும் போதாது. அந்த ஓடை யாருடையது என்பதும் முக்கியம். மலைப்பகுதியில் வனத்துறை அனுமதி இல்லாமல் ஓடைநீரைத் திருப்பவோ அதில் மீன் விடவோ கூடாது.

குஞ்சு விற்பவரிடம் மூன்று கேள்வி கேளுங்கள். குஞ்சு எந்தப் பொரிப்பகத்திலிருந்து வருகிறது? உங்கள் மாவட்டத்தில் ஓராண்டு முழுக்க வளர்த்து விற்ற பண்ணையைக் காட்ட முடியுமா? மீனை யார், எங்கே வாங்குவார், எழுத்தில் தர முடியுமா? ஒன்றுக்குப் பதில் இல்லாவிட்டாலும் முன்பணம் கட்டாதீர்கள்.

உங்கள் தண்ணீருக்கு ஏற்ற மீனைத் தேர்ந்தெடுங்கள். சமவெளிக் குட்டைக்குக் கட்லா, ரோகு, மிர்கால் கூட்டுவளர்ப்பு இன்றும் நம்பிக்கையானது. நல்ல பராமரிப்பில் கட்லா ஓராண்டில் ஒரு கிலோவை எட்டும். குளிர்நீர் டிரவுட் அதே ஓராண்டில் 250 கிராமைத் தொட்டாலே சரியான வளர்ச்சி என்பார்கள். விலையை மட்டும் பார்க்காமல், எடையையும் செலவையும் சேர்த்துக் கணக்குப் போடுங்கள். விரால் வளர்ப்பையும் உங்கள் மாவட்ட மீன்வளத்துறை அலுவலகத்தில் கேட்டுப் பாருங்கள். ஆலோசனைக்கு உங்கள் மாவட்ட வேளாண் அறிவியல் நிலையத்தை அணுகலாம். டிரவுட் பற்றியே ஆழமாகத் தெரிய வேண்டுமென்றால் உத்தரகாண்டின் பீம்தாலில் இந்திய வேளாண் ஆராய்ச்சிக் கழகத்தின் குளிர்நீர் மீன் ஆராய்ச்சி நிறுவனம் இருக்கிறது.

திண்டுக்கல் அண்ணன் முன்பணம் கட்டவில்லை. குட்டையைத் தூர்வாரி, சுண்ணாம்பு போட்டு, கெண்டை விரலிகளுக்கு மீன்வளத்துறையில் பதிவு செய்திருக்கிறார். வெப்பமானியைத் தூக்கிப் போடவில்லை. "தினம் பாக்கறேன் சார், காலைல ஒண்ணு, மத்தியானம் ஒண்ணு" என்றார். நீங்களும் அதிலிருந்து தொடங்குங்கள்.